முனகியின் மூச்சு

மார்ச் 3

தம்பிக்கு,

கையெழுத்தைப் பார்த்ததும் கிழித்துப் போட்டுவிடாதே. யாருக்கும் உடம்புக்கு ஒன்றுமில்லை, யாரும் சாகவில்லை. விலாசம் சித்தி கொடுத்தது. "நான் குடுத்தேன்னு சொல்லிடாதே" என்று சத்தியம் வாங்கிக்கொண்டாள். ஆகவே அவள் கொடுக்கவில்லை என்றே வைத்துக்கொள்.

விஷயம் இதுதான். நாம் செய்த 'ஒளிஞ்சாச்சா' கம்ப்யூட்டர் விளையாட்டை இன்னும் ஆடுகிறார்களாம். நம்புவாயா? போன வாரம் ஒரு பெண் என் வேலையிடத்துக்கே வந்து நின்றாள். உன் அக்கா இப்போது பல்செட் செய்கிறாள், தெரியுமோ தெரியாதோ. ஊரையெல்லாம் பயமுறுத்தப் பார்த்தவள் கடைசியில் ஊரைச் சிரிக்க வைக்கிறேன். ஒரு கீழ்த்தாடைக்கு மெழுகு வைத்துக்கொண்டிருந்தேன். "முனகிக்கு சவுண்ட் போட்டது நீங்கதானே மேடம்?" என்றாள். மெழுகுக் கத்தி கையிலிருந்து விழுந்துவிட்டது.

அவளுக்கு மருந்துக்கடையில் வேலை. ராப்பகலாக நம் விளையாட்டைத்தான் பேசுகிற ஒரு கூட்டத்துக்கு அவள் தலைவி. எனக்கே தெரியாதது மாதிரி எனக்குக் கதை சொன்னாள். ஏழு மாடிக் கட்டடம், அக்காவும் தம்பியும் கண்ணாமூச்சி ஆடுகிறார்கள், தம்பி ஒளிந்துகொள்கிறான், அக்கா தளம் தளமாகத் தேடிப் போகிறாள், ஒவ்வொரு தளத்திலும் கதவுக்குப் பின்னால் ஏதோ மூச்சு விடுகிறது. அந்த மூச்சுக்கு அவர்கள் வைத்த பெயர்தான் முனகி. ஏழாம் தளத்தில் ஒரு அலமாரி. அதன் முன்னால் போய் நின்றதும் திரை கறுத்துவிடும். அலமாரிக்குள் என்ன என்று அவர்களுக்குள் வெட்டுக்குத்து நடக்காத குறை. பிணம் என்கிறது ஒரு கட்சி, கண்ணாடி என்கிறது இன்னொரு கட்சி. நாம் அதைச் செய்து முடிக்கவே இல்லை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

இப்போது 'மாட்' என்று ஒன்று செய்கிறார்களாம். பழைய விளையாட்டைப் பிரித்து, படங்களைத் தெளிவாக்கி, சத்தத்தைச் சுத்தம் செய்து, இன்றைய கம்ப்யூட்டரில் ஓடுகிற மாதிரி மாற்றுவது. சம்பளம் கிடையாது, ஆசைதான். மே மாதம் வெளியிட வேண்டுமாம். செய்தவர்கள் இரண்டு பேரும் சம்மதித்துக் கையெழுத்துப் போட வேண்டும் என்கிறாள். நான் போட்டுவிட்டேன். நீ போடாவிட்டால் வெளியிட மாட்டார்களாம், அவ்வளவு நல்ல பிள்ளைகள்.

நீ லிப்ட் ரிப்பேர் பார்க்கிறாய் என்று சித்தி சொன்னாள். (சொல்லவில்லை.) தம்பி லிப்ட் மெக்கானிக், அக்கா வீட்டில் லிப்ட் ஓடுவதில்லை. நான்கு மாடி ஏறி இறங்கி என் முழங்கால் பேசவே ஆரம்பித்துவிட்டது.

அக்கா


மார்ச் 15

மதிப்பிற்குரிய அக்கா அவர்களுக்கு,

கடிதம் கிடைத்தது. நீங்கள் நலமாக இருப்பதில் மகிழ்ச்சி.

நான் எழுதிய புரோகிராம், வரைந்த படங்கள் எல்லாவற்றையும் அவர்கள் தாராளமாக எடுத்துக்கொள்ளட்டும். ஒன்றைத் தவிர. அந்த மூச்சுச் சத்தம் இருக்கக் கூடாது. அது என்னுடையது. என்னைக் கேட்காமல், நான் தூங்கும்போது எடுத்தது.

உங்களுக்கு மறந்திருக்கலாம், அதனால் எழுதுகிறேன். ஆறாம் தளத்தை முடித்து முதல்முறை போட்டுக் காட்டிய அன்று, நாம் வேலை செய்த அறைக்குக் கீழே இருந்த அச்சகத்து ஆட்களையெல்லாம் நீங்கள்தான் மேலே கூப்பிட்டீர்கள். பேய் மூச்சு விட ஆரம்பித்தது. நீங்கள் அன்று காலைதான் சேர்த்த அந்தச் சத்தத்தை நானும் அப்போதுதான் முதலில் கேட்டேன். பைண்டிங் பார்க்கிறவர்தான் முதலில் கண்டுபிடித்தார். "டேய், இது நீதான்டா! மத்தியானம் மேல படுத்துத் தூங்குவியே, அப்ப வர்ற இழுப்புச் சத்தம்டா இது!" அறையே சிரித்தது. நீங்களும் சிரித்தீர்கள்.

அன்று பையை எடுத்துக்கொண்டு கிளம்பினேன். ஏழாம் தளம் அப்படியே நின்றது. அதற்காக நான் வருத்தப்படவில்லை.

மூச்சை எடுத்துவிட்டோம் என்று எழுத்தில் கொடுத்தால் கையெழுத்துப் போடுகிறேன்.

உங்கள் லிப்ட் பற்றி. பெரும்பாலும் கதவு முழுதாக மூடியிருக்காது. கதவு மூடாவிட்டால் லிப்ட் நகராது. கீழே கதவு ஓடுகிற பள்ளத்தில் குப்பை அடைத்திருக்கும், துடைக்கச் சொல்லவும்.

இப்படிக்கு,
தம்பி


மார்ச் 20

தம்பிக்கு,

'மதிப்பிற்குரிய' என்று போட்டதற்குப் பதில் இரண்டு கெட்ட வார்த்தை எழுதியிருக்கலாம். 'நீங்கள்', 'சிரித்தீர்கள்'. உன் மூக்கைத் துடைத்துவிட்டவளுக்கு இந்த மரியாதையெல்லாம் செரிக்காது.

ஆமாம், சிரித்தேன். அத்தனை பேர் சிரிக்கும்போது நான் மட்டும் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டால் உனக்கு இன்னும் அவமானமாகப் போகும் என்று அந்த நிமிஷத்தில் தோன்றியது. சிரித்து முடித்துத் திரும்பிப் பார்த்தால் நீ இல்லை. அடுத்த மாதம் சிடி போடுகிறவர்களுக்குத் தேதி கொடுத்தாகிவிட்டது. நீ முன்கூட்டியே வரைந்து வைத்திருந்த அலமாரியை மூடியபடியே விட்டு, திரையைக் கறுப்பாக்கி அனுப்பினேன். அதைத்தான் இப்போது மகா தத்துவம் என்று பேசிக்கொள்கிறார்கள்.

லிப்ட் பள்ளத்தை நானே குனிந்து துடைத்தேன். ஒரு கொண்டை ஊசி, ஒரு பால்பாயிண்ட் மூடி, யாருடையதோ சட்டைப் பொத்தான். இரண்டு நாள் ஜோராக ஓடியது. மூன்றாம் நாள் பழைய குருடி.

நீ சொன்னபடி மூச்சை எடுத்துவிட்டு வேறு சத்தம் போடச் சொல்லிவிட்டேன். மருந்துக்கடைப் பெண்ணுக்கு முகம் விழுந்துவிட்டது, ஆனாலும் வாக்குத் தவறவில்லை. எழுத்தில் வாங்கி இத்துடன் வைத்திருக்கிறேன். அரைகுறையாக முடிந்த மாட் ஒன்றையும் பென்டிரைவில் போட்டு அனுப்புகிறேன். ஆடிப் பார்.

நான் ஆடினேன். சாப்பாட்டு நேரத்தில், பிளாஸ்டர் மாவில் வார்த்த பல் அச்சுகளுக்கு நடுவில் உட்கார்ந்து. படமெல்லாம் கண்ணில் ஒற்றிக்கொள்கிற மாதிரி இருக்கிறது. நீ சுவரில் வரைந்த ஈரக் கறைகூடத் தெரிகிறது. படிக்கட்டுக் கைப்பிடி பளபளக்கிறது. ஆனால் பயம் போய்விட்டது தம்பி. சுத்தமாகப் போய்விட்டது.

காரணம் எனக்குத் தெரியும். மூச்சு நடுவில் நின்றுபோகிற இடங்கள் இருக்குமே? திடீரென்று சத்தம் அறுந்துவிடும். நாம் ஓடினால் திரை இருண்டு, தளத்தின் தொடக்கத்துக்கே கொண்டுபோய் விட்டுவிடும். அதைப் பழைய சிடியில் வந்த கோளாறு என்று நினைத்து ரிப்பேர் செய்துவிட்டார்கள். "சவுண்ட் அடிக்கடி கட் ஆச்சு மேடம், இப்ப நிக்காம வரும்!" என்று அந்தப் பெண் பூரிப்போடு சொல்கிறாள். அந்த முகத்தைப் பார்த்து என்ன சொல்வது? அது கோளாறில்லை, விளையாட்டே அதுதான் என்று எனக்கு மட்டும்தான் தெரியும்.

ஏன் அப்படி வைத்தோம் என்று உனக்கும் தெரியாது. "மூச்சு நிக்கும்போது ஓடினா தோத்துடணும், சத்தம் வந்த பக்கமாப் போனா மூச்சு திரும்ப வரணும்" என்று நான் சொன்னபோது, "பேய்கிட்டயே எவனாவது போவானா, லூசா நீ?" என்று கேட்டுக்கொண்டேதான் எழுதினாய். நீ சொன்னது சரியாகத்தான் போயிற்று. இத்தனை வருஷத்தில் ஆடினவன் ஒருத்தன்கூடக் கிட்டே போய்ப் பார்க்கவில்லையாம். எல்லோரும் ஓடியிருக்கிறார்கள், தோற்றுத் தோற்று, மூச்சு நிற்காமல் வந்த ஏதோ ஒரு தடவை அடுத்த தளம் ஏறியிருக்கிறார்கள்.

அக்கா


ஏப்ரல் 2

அக்கா,

கையெழுத்துப் போட்ட தாளை உறையில் வைத்து ஒட்டினேன். தபால் பெட்டிவரை போனேன். திரும்பக் கொண்டுவந்துவிட்டேன். ஏன் என்று கேட்காதே, எனக்கே சரியாகத் தெரியவில்லை.

ஆடக் கூடாது என்றுதான் இருந்தேன். பென்டிரைவ் ஒரு வாரம் ஸ்பேனர் பெட்டியில் கிடந்தது. ஞாயிற்றுக்கிழமை காலை மனைவி வேலைக்குப் போன பிறகு போட்டேன். என் பெண் வந்து தோளில் தாடையை வைத்துக்கொண்டு பார்த்தாள். இரண்டாம் வகுப்புப் படிக்கிறாள். நாங்கள் கூப்பிடுவது வாலு. பேயைப் பார்த்துப் பயப்படுவாள், மூடிவிடலாம் என்று பார்த்தேன். மூச்சுக்குப் பதிலாக அவர்கள் போட்டிருக்கும் சத்தம் வந்ததும் விழுந்து விழுந்து சிரித்தாள். "அப்பா, நாய்க்குச் சளி பிடிச்சிருக்கு!"

அவள் சொன்னது சரி. ஏதோ நாய் உறுமலை மெதுவாக ஓட்டிப் போட்டிருக்கிறார்கள். நான் எழுதிய கட்டடம் அவ்வளவு அழகாக இருக்கிறது, அதற்குள் சளி பிடித்த நாய். எனக்குச் சிரிப்பும் வந்தது, என்னவோபோலும் இருந்தது. தொழிலில் எனக்கு ஒரு பழக்கம் உண்டு. மோட்டார் சத்தத்தைக் கேட்டால் எந்த பேரிங் தேய்ந்திருக்கிறது என்று சொல்லிவிடுவேன். இதைக் கேட்டதும் சாமான் மாறிப் பொருத்தியிருக்கிறார்கள் என்று தெரிந்துவிட்டது.

நீ ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். அச்சகத்து ஆட்கள் சிரித்ததற்காக நான் போகவில்லை. அவர்கள் எதற்குத்தான் சிரிக்க மாட்டார்கள்? பள்ளிக்கூடத்தில் பையன்கள் எனக்குப் பின்னால் வந்து என்னைப்போலவே மூச்சு இழுத்துக் காட்டுவார்கள். மாமா வீட்டுக்கு வந்தால் "விசில் வண்டி வந்துடுச்சா?" என்பார். அப்பாகூட யாராவது விருந்தாளி வந்தால் என்னை உள்ளே போய்ப் படுக்கச் சொல்வார். அந்த வீட்டில் என் இழுப்பைப் பற்றி ஒரு வார்த்தை பேசாதவள் நீ ஒருத்திதான். ஒரே அறையில் படுத்துக்கொண்டு ஒருநாள்கூட "தூங்க விட மாட்டேங்கறான்" என்று சொன்னதில்லை. அதனால் உனக்கு அது கேட்பதே இல்லை என்று நினைத்துக்கொண்டிருந்தேன். உன் பக்கத்தில் மட்டும் நான் சாதாரணப் பையன். அன்று அந்தச் சத்தம் பேயின் வாயிலிருந்து வந்தபோது, இத்தனை வருஷமும் நீ கேட்டுக்கொண்டுதான் இருந்தாய், உனக்கு அது பேய் மாதிரித்தான் இருந்திருக்கிறது என்று புரிந்தது. அதைத்தான் தாங்க முடியவில்லை.

எழுதிவிட்டேன். எழுதியதை அடிக்காமல் அப்படியே விட்டுவிடுகிறேன்.

வாலுவுக்கும் என் நெஞ்சுதான் வந்திருக்கிறது. தூசி பட்டால் போதும். இப்போது நல்ல மருந்தெல்லாம் இருக்கிறது, பயமில்லை.

கடைசித் தளம் வரைக்கும் ஆடினோம். அலமாரி முன்னால் திரை கறுத்ததும் என்னைப் பிடித்துக்கொண்டாள். "உள்ள என்னப்பா இருக்கு? நீதானே செஞ்ச? உனக்கே தெரியாதா?" எனக்குத் தெரியாதுதான். நீ எப்போதும் ஒரு தளத்தை நான் முடித்த பிறகுதான் அடுத்த தளத்துக் கதையைக் கையில் கொடுப்பாய். "முன்னாடியே தெரிஞ்சா நீ பயப்பட மாட்டே, நீ பயப்படலேன்னா ஆடறவன் எப்படிப் பயப்படுவான்?" என்பாய். ஏழாம் தளத்துக் கதை என் கைக்கு வரவே இல்லை.

அலமாரிக்குள் என்ன?

தம்பி


ஏப்ரல் 8

தம்பி,

உன் கடிதத்தை வேலையிடத்தில் பிரித்திருக்கக் கூடாது. மூக்கைச் சிந்தினதைப் பார்த்து, "பவுடர் ஒத்துக்கலையா?" என்று டாக்டர் முகமூடி கொண்டுவந்து கொடுத்தார்.

அலமாரிக்குள் நீ இருக்கிறாய்.

வேறு ஒன்றும் இல்லை. பிணமும் இல்லை, கண்ணாடியும் இல்லை. அந்த விளையாட்டில் பேயே கிடையாது தம்பி. முதல் தளத்திலிருந்து அந்த அக்காக்காரி கேட்கிறது தம்பியின் மூச்சுதான். ஒளிந்துகொண்ட இடத்தில் தூசி, அவனுக்கு இழுப்பு வந்துவிட்டது. அவளுக்கு அது தெரியாமல் பயந்து ஓடுகிறாள். ஓடுகிற வரைக்கும் தோற்றுக்கொண்டே இருப்பாள். கிட்டே போகிற அன்றைக்குத்தான் ஏழாம் தளத்து அலமாரி திறக்கும். இதுதான் நான் உனக்குக் கடைசியாகக் கொடுக்க வைத்திருந்த பக்கம். அதைப் படிக்கும்போது உன் முகத்தைப் பார்க்க வேண்டும் என்று எத்தனை நாளாகக் காத்திருந்தேன் தெரியுமா? நீ ஆறாம் தளத்தோடு பையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டாய். வந்து சொல்லியிருக்கலாம்தான். எனக்கும் வீம்பு. 'என்னைப் போய் அப்படி நினைத்துவிட்டானே, அவனாக வரட்டும்' என்று உட்கார்ந்துவிட்டேன். நீ வரவில்லை, நானும் எழுந்திருக்கவில்லை.

எனக்குக் கேட்காதென்று நினைத்தாயா? முட்டாளே. எனக்கு அது ஒன்றுதான் கேட்கும். உன் மூச்சு இழுத்துக்கொண்டிருக்கும் வரை நான் நிம்மதியாகத் தூங்குவேன். சத்தம் கேட்கிறது, பிள்ளை இருக்கிறான் என்று அர்த்தம். திடீரென்று நிற்கும் பார், அப்போதுதான் முழிப்பு வரும். நின்றது நின்றதாகவே இருக்கும். அம்மாவைக் கூப்பிட ஓடலாமா என்று தோன்றும். ஓடிப் போய்த் திரும்பி வருவதற்குள் ஏதாவது ஆகிவிட்டால்? ஓடவே மாட்டேன். உன் பக்கமாக நகர்ந்து முதுகில் கை வைப்பேன். வைத்ததும் ஒரு பெரிய இழுப்பு இழுத்து மறுபடி ஆரம்பிப்பாய். உனக்கு அது எதுவும் தெரியாது, அப்படி ஒரு தூக்கம்.

பயமுறுத்துகிற விளையாட்டு செய்யலாம் என்று நீதான் சொன்னாய். எனக்குத் தெரிந்த பயம் அது ஒன்றுதான். பேயை எல்லாம் நான் பார்த்ததில்லை.

உன்னிடம் கேட்டுவிட்டு எடுத்திருக்க வேண்டும். கேட்டால் கதை தெரிந்துவிடுமே என்று கேட்கவில்லை. கெட்டிக்காரத்தனம் என்று நினைத்தேன்.

கையெழுத்துப் போடு, போடாமல் இரு. அது இனி எனக்குப் பெரிசில்லை. வாலுவுக்கு அலமாரிக்குள் யார் என்று மட்டும் சொல்லிவிடு.

அக்கா


ஏப்ரல் 22

அக்கா,

பதில் எழுத இரண்டு வாரம் ஆகிவிட்டது. இரண்டு தடவை எழுதிக் கிழித்தேன். பிறகு ஒன்று நடந்தது, அதை அப்படியே எழுதிவிடுகிறேன்.

சனிக்கிழமை மத்தியானம் வாலுவுக்கு லேசாக இழுப்பு. மருந்து அடித்துவிட்டு நாற்காலியிலேயே சாய்த்துத் தூங்க வைத்தேன். நான் அறையின் அந்தப் பக்கம் அவளுடைய பள்ளிக்கூடச் சட்டையை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தேன். ரேடியோவில் யாரோ வானிலை சொல்லிக்கொண்டிருந்தார்கள். நான் அதைத்தான் கேட்கிறேன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். இல்லை. அவள் மூச்சு நின்றது. அடுத்து எனக்குத் தெரிந்தபோது என் கை அவள் முதுகில் இருந்தது. அறையை எப்படித் தாண்டினேன், குறுக்கே இருந்த ஸ்டூல் எப்படிக் கவிழ்ந்தது, ஒன்றும் நினைவில்லை. அவள் ஒரு பக்கமாகத் திரும்பிச் சாய்ந்திருக்கிறாள், அவ்வளவுதான். ஒரு இழுப்பு இழுத்து மறுபடி விசிலடிக்க ஆரம்பித்துவிட்டாள். திரும்பிப் பார்த்தால் சட்டை புகைகிறது. முதுகுப் பக்கம் இஸ்திரிப் பெட்டி அப்படியே பதிந்திருக்கிறது. வேறு சட்டை வாங்க வேண்டும்.

கருகின சட்டையை வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்து அழுதேன் அக்கா. ஒரு தடவைக்கே எனக்கு இப்படி. நீ எத்தனை வருஷம் இதைச் செய்தாய், அதுவும் பாவாடை கட்டின வயசில்.

மனைவி வந்து சட்டையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். உன் கடிதங்களை எடுத்துக் கொடுத்தேன். படித்துவிட்டு, "நீங்க ரெண்டு பேரும் வீம்புக்குன்னே பொறந்தவங்க" என்றாள். அதோடு விட்டாளே என்று இருந்தது.

கையெழுத்து இத்துடன் இருக்கிறது. பழைய தாளைக் கிழித்துப்போட்டுப் புதிதாக எழுதியிருக்கிறேன். மூச்சோடு சேர்த்துத்தான் சம்மதம். நாயை வெளியே அனுப்பச் சொல். நின்றுபோகிற இடங்களை அப்படியே திரும்பக் கொண்டுவரச் சொல். புரோகிராமில் எந்தெந்த இடம் என்று நினைவிருக்கிற வரை குறித்து வைத்திருக்கிறேன்.

தெளிவாக வேண்டுமென்றால் புதிதாகவே பதிவு செய்து கொடுக்கலாம் என்று முயற்சி செய்தேன். இப்போதெல்லாம் மருந்து நன்றாக வேலை செய்கிறது, இழுப்பு வரவில்லை. சர்வீசுக்காக லிப்டை நிறுத்தியிருந்த ஒரு கட்டடத்தில் மேல்மாடி வரை ஓடி ஏறி, போனை வாயருகே வைத்து மூச்சு விட்டேன். அங்கே குடியிருக்கிற அம்மா கதவைத் திறந்து, "தண்ணி வேணுமாப்பா?" என்று சொம்போடு வந்தார். பதிவில் அதுவும் இருக்கிறது. வாலு கேட்டுவிட்டு, "இது பேயில்லப்பா, பஸ்ஸைத் தவறவிட்ட ஆள்" என்றாள். ஆகவே பழசையே போடு. என் மூச்சைப் பதிந்த கேசட் உன்னிடம் இருக்கும். இருக்காதா?

இன்னொன்று. ஏழாம் தளத்தை நான் எழுதுகிறேன். அந்தப் பெண்ணும் அவள் கூட்டமும் நல்லவர்கள்தான், ஆனால் அந்தக் கதவை வேறு யாரும் திறக்க வேண்டாம். அந்தப் பக்கத்தை அனுப்பு.

தம்பி


ஏப்ரல் 28

தம்பி,

கேசட் இருக்கிறது. இருக்காதா என்று ஒரு கேள்வி. வீடு மாறும்போதெல்லாம் கைப்பையில் வைத்துக்கொண்டு போனேன்.

மருந்துக்கடைப் பெண்ணிடம் விஷயத்தைச் சொன்னேன். பேயே இல்லை என்றதும் அப்படியே என் ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டாள், நான் காயவைத்திருந்த பல்செட்டின் மேல். "அய்யோ மேடம், நான் சின்ன வயசுலேர்ந்து ஓடிக்கிட்டே இருந்தேனே" என்றாள். பல்செட்டுக்கு ஒன்றும் ஆகவில்லை. அவள் கூட்டத்தில் வேறு யாருக்கும் சொல்லக் கூடாது என்று நீ செத்தாலும் நான் செத்தாலும் என்று சத்தியம் வாங்கியிருக்கிறேன். சித்தி என்னிடம் வாங்கினதுபோல இல்லை, இவள் காப்பாற்றுவாள். மூச்சு நிற்பதைக் கோளாறென்று நினைத்ததற்காக அவளுக்கு ஒரே வெட்கம். நான் சொன்னேன், ரிப்பேர் செய்கிறவர்களுக்கு எல்லாமே ரிப்பேராகத்தான் தெரியும், என் தம்பியும் அந்த ஜாதிதான் என்று.

ஏழாம் தளம் இதோ. காகிதம் பழுத்துவிட்டது, மடிப்பில் கிழிந்துவிடும், பார்த்துப் பிரி.

'அவள் அலமாரியைத் திறக்கிறாள். மடித்து வைத்த போர்வைகளுக்கு நடுவில் தம்பி முழங்காலைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறான். மூச்சு இழுக்கிறது. அவள் கை நீட்டி அவன் முதுகைத் தொடுகிறாள். மூச்சு மெல்லச் சீராகிறது. வேறு சத்தம் இல்லை. விளக்கு எரிகிறது.'

அவ்வளவுதான். கதவு பட்டென்று திறக்கட்டும். அத்தனை தளம் ஏறி வந்தவளுக்குப் பொறுமை இருக்காது.

போன் நம்பர் கொடுக்கட்டுமா? வேண்டாம். போனில் நீ என்னைப் பேச விட மாட்டாய். இப்படி எழுதினால்தான் ஒருத்தர் முடிக்கும் வரை இன்னொருத்தர் காத்திருக்கிறோம்.

அக்கா


மே 9

அக்கா,

முடித்து அந்தப் பெண்ணுக்கு அனுப்பிவிட்டேன். இவ்வளவு வருஷம் கழித்து என் பழைய புரோகிராமைத் திறந்தால், அதில் நானே எழுதி வைத்திருந்த குறிப்புகள். ஓரிடத்தில் 'இதை ஏன் செய்கிறோம் என்று அக்காவுக்குத்தான் வெளிச்சம்' என்று இருக்கிறது. அதை அழிக்கவில்லை.

கதவு விஷயத்தில் உன் பேச்சைக் கேட்கவில்லை. பட்டென்று திறந்தால் உள்ளே இருக்கிற பிள்ளை பயந்துவிடும். கதவு திறப்பதும் மூடுவதும்தான் என் பிழைப்பு, எனக்குத் தெரியும். முதலில் விரல் நுழைகிற அளவு. ஒரு நொடி நிற்கும். உள்ளே யார் என்று அவள் பார்த்துக்கொள்ளட்டும், வந்தது யார் என்று அவனும் பார்த்துக்கொள்ளட்டும். பிறகு முழுதாகத் திறக்கும். மருந்துக்கடைப் பெண் என் கட்சி. வேண்டுமானால் நேரில் சண்டை போடு.

நீ அனுப்பிய பக்கத்தில் இல்லாத ஒன்றைச் சேர்த்திருக்கிறேன். 'வேறு சத்தம் இல்லை' என்று எழுதியிருந்தாய் அல்லவா? ஒரே ஒரு வரி சத்தம் இருக்கிறது. வாலு பேசியிருக்கிறாள். என்ன என்று சொல்ல மாட்டேன். எனக்கு நீ தளம் தளமாகத்தானே கொடுத்தாய்? ஆடி ஏறிப் போய்த் தெரிந்துகொள்.

தம்பி


மே 18

தம்பி,

நேற்று வெளியிட்டுவிட்டார்கள். நான் அதற்கு முன்னாலேயே, வேலை முடிந்ததும் மருந்துக்கடைப் பெண்ணைப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டு ஆடினேன்.

மூச்சு கேட்டது. கேசட்டில் இருந்ததைவிடத் தெளிவாக, பக்கத்துப் பாயில் நீ படுத்திருக்கிற மாதிரியே கேட்டது. மூன்றாம் தளத்தில் நின்றது. காரணம் தெரிந்த எனக்கே ஓடிவிடலாமா என்று இருந்தது. அந்தப் பெண் என் கையைப் பிடித்துக்கொண்டு, "போங்க மேடம், கிட்ட போங்க" என்றாள். போனேன். திரும்ப வந்தது.

ஏழாம் தளம். அலமாரி. உன் கதவு. நீ சொன்னது சரி, மெதுவாகத்தான் திறக்க வேண்டும். உன்னிடம் தோற்றுப்போனதை எழுத்தில் கொடுக்கிறேன், சட்டம் போட்டு மாட்டிக்கொள். அந்த ஒரு நொடியில் இருட்டுக்குள்ளிருந்து இரண்டு கண். போர்வைகளுக்கு நடுவில் நீ. உன் பழைய கட்டம் போட்ட சட்டையைக்கூட விடாமல் வரைந்திருக்கிறாய். கை நீட்டித் தொட்டேன். மூச்சு சீராயிற்று. அப்புறம் உன் பெண் பேசினாள்.

"இவ்ளோ நேரமாக்கா?"

அந்த வரி என் கதையில் இல்லை. நான் எழுந்து போய்க் குழாயைத் திறந்துவிட்டு முகம் கழுவினேன். திரும்பி வந்தால் மருந்துக்கடைப் பெண்ணும் கழுவ வேண்டிய நிலைமையில்தான் இருந்தாள். இரண்டு பேரும் மறுபடி முதல் தளத்திலிருந்து ஆரம்பித்தோம்.

இன்று காலையிலிருந்து அவளுக்கு ஓயாமல் எழுதுகிறார்களாம். இத்தனை காலம் ஓடினவர்கள் எல்லோரும் திரும்பிப் போய்க் கதவுக்குக் கதவு காது வைத்துக் கேட்டுக்கொண்டு நிற்கிறார்களாம். ஒரு பஸ் டிரைவர், ஆடி முடித்ததும் எழுந்து தூங்குகிற பிள்ளைகளைப் போய்ப் பார்த்துவிட்டு வந்தேன் என்று எழுதியிருக்கிறார். இனி முனகி என்று அவனைக் கூப்பிடக் கூடாது என்று அவர்களுக்குள் தீர்மானமாகிவிட்டது. என்ன பேர் வைக்கலாம் என்று என்னைக் கேட்டாள். 'தம்பி' என்று சொல்லிவிட்டேன்.

ஞாயிற்றுக்கிழமை எனக்கு லீவு. மூன்று பேரும் வாருங்கள். லிப்ட் இன்னும் ஓடவில்லை, நான்கு மாடி. வாலுவை ஓட விடாதே, ஒவ்வொரு மாடியிலும் உட்காரவைத்துக் கூட்டிக்கொண்டு வா. மருந்தை மறக்காதே, ஸ்பேனர் பெட்டியையும் மறக்காதே. நான் கதவைத் திறந்தே வைத்திருப்பேன். படியேறும்போது உன் மூச்சு எந்த மாடியில் வருகிறது என்று எனக்கு இங்கிருந்தே தெரியும்.

ஆமாடா. கொஞ்சம் நேரமாகிவிட்டது.

அக்கா